ரோஜே காரெல் திரையில் எடுபடாததால்தான் டப்பிங்குக்குப் போனாரா?

கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிட்டுப் பதிலுக்கு வருகிறேன். ஆஸ்டெரிக்ஸ் அனிமேஷன் படங்களின் நாயகன், ஸ்டார் வார்ஸ் படங்களில் வரும் பொன்னிற ரோபோ, டேவிட் சூஷே தொலைக்காட்சியில் நடித்த துப்பறிவாளர் எர்க்யூல் புவாரோ ஆகிய மூவருக்கும் பிரெஞ்சில் பேசியது ஒரே மனிதர் என்று அறிந்த ஒருவர் இரண்டு ஐயங்களை எழுப்பியிருக்கிறார். அந்த ரோஜே காரெலைத் திரைப்படங்களில் பெரிய வேடம் எதிலும் காணவில்லையே, நடிகராக எடுபடாமல் போனதால்தான் குரல் கொடுக்கப் போனாரா என்பது ஒன்று. இணையப் பட்டியல்கள் சொல்லும் அத்தனை பாத்திரங்களையும் ஒருவரே பேசியிருக்க முடியுமா என்பது மற்றொன்று. டப்பிங் என்பது நடிப்பில் இடம் கிடைக்காதவர்கள் ஒதுங்கும் திண்ணையா என்பதே இவ்விரண்டுக்கும் அடியில் இருக்கும் கேள்வி என்று எடுத்துக்கொண்டு பதில் எழுதுகிறேன். பிரெஞ்சு டப்பிங்குக்கு வசனம் எழுதும் வேலையில் பல ஆண்டுகளாக இருப்பவன் நான், நடிகன் அல்லன். ஆகவே ஒலிப்பதிவுக் கூடத்தின் நடைமுறை, உதட்டசைவுக்கு எழுதுவதன் கட்டுப்பாடுகள், தொழிலின் சட்டதிட்டங்கள் ஆகியவற்றைப் பற்றித் துணிந்து சொல்வேன். ஒரு நடிகரின் மனத்துக்குள் என்ன ஓடியது என்பதை ஊகமாகவே சொல்ல முடியும், அப்படிச் சொல்லும் இடங்களில் ஊகம் என்றே குறிப்பிடுவேன்.

முதலில், ஐயத்துக்கு இடமில்லாதவை. காரெல் 1927 ஆகஸ்டு 14 அன்று பாரிசில் பிறந்தார். பெற்றோர் வழிக் குடும்பப் பெயர் பான்ஷாரெல். அதைச் சுருக்கியே மேடைப் பெயரை வைத்துக்கொண்டார். 2020 செப்டம்பர் 11 அன்று, தென்மேற்குப் பிரான்சின் ஷராந்த் மாவட்டத்திலுள்ள ஏக்ர் என்ற சிற்றூரில், 93 வயதில் காலமானார். 1950கள் தொடங்கி மேடை, வானொலி, தொலைக்காட்சி, திரைப்படம், டப்பிங் என எல்லாவற்றிலும் மாறி மாறி வேலை செய்தவர். இதில் எந்தக் கட்டத்திலும் "இனி நடிப்பு வேண்டாம், குரல் மட்டும் போதும்" என்று அவர் ஒரு கதவைச் சாத்திவிட்டு இன்னொன்றைத் திறந்ததாகக் கொள்ள முடியாது. காலக்கோட்டில் வைத்துப் பார்த்தாலே, திரையில் முகம் காட்டிய ஆண்டுகளும் மைக்கின் முன் நின்ற ஆண்டுகளும் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடப்பது தெரியும்.

திரை நடிகராக அவர் நகைச்சுவைப் படங்களின் துணைப் பாத்திரங்களுக்கு உரியவராக இருந்தார் என்பது உண்மைதான். ழான்-மரி புவாரே இயக்கி 1983இல் வெளியான 'பாப்பி ஃபே த லா ரெஸிஸ்தான்ஸ்' படத்தில் அவர் ஏற்ற ஜெனரல் முல்லர் வேடத்தை எடுத்துக்காட்டாகச் சொல்லலாம். ஜெர்மானியர் பிடியிலிருந்த பாரிசைக் கேலியும் கும்மாளமுமாகக் காட்டும் அந்தப் படத்தில் ழாக் வில்லரே, மிஷேல் கலப்ரு, ழக்லின் மையான், கிறிஸ்தியான் கிளாவியே என்று பெயர் பெற்ற நகைச்சுவை நடிகர்கள் கூட்டமாகவே இருந்தார்கள். அந்தக் கூட்டத்தில் காரெலுக்குத் தரப்பட்டது சீருடையணிந்த ஜெர்மானிய அதிகாரி வேடம். பிரெஞ்சு நகைச்சுவைப் படங்களில் இப்படிப்பட்ட வேடத்துக்கு என்ன தேவையோ அது அவரிடம் இருந்தது: சட்டென்று பிடிபடும் ஒரு சாயல், துல்லியமான நேரக் கணக்கு, ஒரு வரியில் சிரிப்பை வரவழைத்துவிட்டு அடுத்தவருக்கு வழிவிடும் பக்குவம். கதாநாயகனாகும் முகவாகு அவருக்கு இருக்கவில்லை. ஆனால் கதாநாயகன் ஆகாத ஒவ்வொரு நடிகரையும் தோற்றவர் என்று கணக்கில் எழுதினால், உலகத்து நடிகர்களில் நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது பேரை அந்தப் பக்கத்தில்தான் எழுத வேண்டியிருக்கும்.

அடுத்தது, வெளியிலிருந்து பார்ப்பவர்கள் பெரும்பாலும் தவறாகப் புரிந்துகொள்ளும் இடம். பிரான்சில் டப்பிங் செய்பவர் சட்டப்படியும் நடைமுறைப்படியும் நடிகரே. மேடையேறுபவருக்கும் கேமரா முன் நிற்பவருக்கும் எந்தத் தகுதி உண்டோ அதே தகுதிதான் மைக் முன் நிற்பவருக்கும். நிகழ்கலைத் துறையில் விட்டுவிட்டு வேலை கிடைப்பவர்களுக்கென்று அங்கே ஒரு வேலையின்மைக் காப்பீட்டு முறை உண்டு; 12 மாதங்களில் 507 மணி நேரம் வேலை செய்ததாகக் காட்டினால் வேலையற்ற நாட்களுக்கு உதவித்தொகை பெறலாம் என்பது இன்றைய விதி. அந்த மணிக்கணக்கில் நாடக நாளும் சேரும், படப்பிடிப்பு நாளும் சேரும், டப்பிங் நாளும் சேரும். பகலில் ஒலிப்பதிவுக் கூடம், இரவில் மேடை என்று ஒரே நடிகர் ஒரே வாரத்தில் ஓடுவது பாரிசில் மிகச் சாதாரணம். காரெலின் காலத்துத் துணைவர்களைப் பாருங்கள். அமெரிக்க நடிகர் டோனி கர்ட்டிஸின் பிரெஞ்சுக் குரலாக எல்லோருக்கும் தெரிந்த மிஷேல் ரூ, நகைச்சுவை நாடகங்களில் நடித்தவர், அவற்றை இயக்கியவரும்கூட. பொம்மைகள் நடிக்கும் தொலைக்காட்சி நிகழ்ச்சியான மப்பெட் ஷோவின் பன்றிச் சீமாட்டிக்குக் குரல் தந்த மிஷ்லின் டாக்ஸ், மேடை நடிகை, பாடகி, அதற்கும் மேலாகச் சீழ்க்கை அடிப்பதில் புகழ்பெற்றவர். பல்லாண்டுகள் டப்பிங்கில் உழைத்த ழெரார் ஹெர்னான்டெஸின் முகம், 2009இல் தொடங்கிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் முதிய கணவராக வந்த பிறகுதான் வீடுதோறும் அறிமுகமானது. இவர்களை "குரல் கலைஞர்" என்ற ஒரே பெட்டியில் போட்டு மூடினால் அவர்கள் தொழிலின் முக்கால் பங்கு வெளியே நிற்கும்.

காரெலைப் பற்றிப் பேசும்போது இன்னொரு பிரிவினையும் அவசியம். ஆஸ்டெரிக்ஸ் டப்பிங் அல்ல. 1994இல் வந்த ஜெர்மானியத் தயாரிப்பு நீங்கலாக, 1967இல் பிரஸ்ஸல்ஸின் பெல்விஷன் நிறுவனம் உருவாக்கிய முதல் படத்திலிருந்தே அவை பிரெஞ்சில் பிறந்த படங்கள். காரெலின் குரல்தான் அங்கே மூலக் குரல். வேறு மொழிகளில் ஆஸ்டெரிக்ஸைப் பேசியவர்களே காரெலின் நடிப்பைப் பின்தொடர்ந்து டப்பிங் செய்தவர்கள். 1967, 1968, 1976, 1985, 1986, 1989, 1994, 2006, 2014 ஆகிய ஆண்டுகளில் வெளியான ஒன்பது அனிமேஷன் படங்களிலும் அவரே நாயகன். இதற்குள் நாயகனின் பருத்த தோழன் ஓபெலிக்ஸின் குரல் ழாக் மொரெல், பியேர் தொர்னாத், ழாக் ஃப்ரான்ஸ், கீயோம் பிரியா என்று நான்கு பேரிடம் கைமாறிவிட்டது. இயக்குநர்கள் மாறினார்கள், கோட்டோவியம் போய்க் கணினி வரைகலை வந்தது. குட்டையான அந்த மீசைக்காரனின் குரல் மட்டும் மாறவில்லை. கடைசிப் படம் வெளியானபோது காரெலுக்கு 87 வயது. ஓய்விலிருந்து அதற்காகவே திரும்பி வந்தார். அந்தப் படத்தைக் கேட்டால் குரலில் வயது தெரிகிறது, மறைக்க வேண்டியதில்லை. ஆனால் வாக்கியத்தின் முடிவைச் சற்றே மேலே தூக்கி எதிராளியைச் சீண்டும் அந்தப் பழைய குறும்பு அப்படியே இருக்கிறது. 1999இலும் 2002இலும் மனிதர்களை வைத்து எடுத்த ஆஸ்டெரிக்ஸ் படங்களில் நாயக வேடம் கிறிஸ்தியான் கிளாவியேவுக்குப் போயிற்று; 2018இல் வந்த அடுத்த அனிமேஷன் படத்தில் குரலும் அவருக்கே போயிற்று. 1983 படத்தில் காரெலோடு ஒரே திரையைப் பகிர்ந்துகொண்ட அதே கிளாவியேதான்.

அனிமேஷனில் மூலக் குரல் கொடுக்கும்போது நடிகருக்குச் சுதந்திரம் அதிகம். பெரும்பாலும் குரல் முதலில் பதிவாகும், பாத்திரத்தின் வாயசைவு அதைப் பின்தொடர்ந்து வரையப்படும். டப்பிங்கில் நிலைமை தலைகீழ். வாய் ஏற்கெனவே அசைந்துவிட்டது. நடிகர் அதற்குள் நுழைந்தாக வேண்டும். இதற்குப் பிரான்சில் கையாளும் கருவிக்கு 'பாந்த் ரித்மோ' என்று பெயர். படத்தின் அடியில், திரையின் அகலத்துக்கு, ஒரு பட்டை வலமிருந்து இடமாக ஓடிக்கொண்டிருக்கும். இடப்பக்கத்தில் அசையாத ஒரு செங்குத்துக் கோடு. பட்டையில் எழுதிய எழுத்து அந்தக் கோட்டைத் தொடும் கணத்தில் நடிகரின் வாயிலிருந்து அந்த ஒலி வர வேண்டும். மூல நடிகர் ஒரு சொல்லை இழுத்துப் பேசினால் பட்டையில் எழுத்துகளும் இழுத்து அகலமாக எழுதப்பட்டிருக்கும். பொரிந்து தள்ளினால் நெருக்கியடித்து நிற்கும். மூச்சு, சிரிப்பு, விக்கல், வாய் திறப்பது, மூடுவது ஒவ்வொன்றுக்கும் தனிக் குறி உண்டு. உதடுகள் ஒட்டும் ம, ப போன்ற ஒலிகள் மூலத்தில் எங்கே வருகின்றனவோ, அங்கே பிரெஞ்சு வசனத்திலும் உதடு ஒட்டும் ஒலி வந்தாக வேண்டும். என்னைப் போன்றவர்களின் நாள் முழுவதும் அந்த ஓர் எழுத்தைத் தேடுவதிலேயே கழியும். கணினி வருவதற்கு முன் இது ஒளி ஊடுருவும் 35 மில்லிமீட்டர் பட்டையில் கையால் மையிட்டு எழுதப்பட்டது, அதுவும் அழகெழுத்துக்காரர் ஒருவர் கையால். படச்சுருளின் வேகத்தில் எட்டில் ஒரு பங்கு வேகத்தில் அது ஓடும். காரெல் தம் தொழில்வாழ்வின் பெரும்பகுதியை அந்தக் கையெழுத்தைப் படித்தே கழித்தார்.

பார்வைக்கு இது பாட்டு வரிகளைப் படித்துப் பாடுவது போல எளிதாகத் தோன்றும். கூடத்தில் நடப்பது வேறு. படம் ஏறக்குறைய ஒரு நிமிட நீளமுள்ள துண்டுகளாக வெட்டப்பட்டிருக்கும். அவற்றை 'பூக்ல்' என்பார்கள். நடிகருக்கு முன்கூட்டியே வசனப்படி கையில் கிடைப்பது அரிது. பெரும்பாலும் கூடத்தில்தான் பாத்திரத்தையே சந்திக்கிறார். இடுப்பளவு உயரக் கம்பியின் பின்னால் நின்றபடி, துண்டை மூல ஒலியோடு ஓரிரு முறை பார்க்கிறார். பிறகு ஒலியை அடக்கிவிட்டுப் பதிவு. ஒரு கண் பட்டையில், ஒரு கண் மூல நடிகரின் முகத்தில். பட்டையைப் படிப்பது எல்லோருக்கும் சில வாரங்களில் பழகிவிடும். படித்துக்கொண்டே படிப்பது தெரியாமல் பேசுவதுதான் பலருக்குக் கடைசிவரை பழகுவதில்லை. நல்ல திரை நடிகர்கள் சிலர் இங்கே வந்து திணறுவதைக் கூடத்தில் வேலை செய்யும் எவரும் பார்த்திருப்பார்கள். மேடையிலும் வானொலியிலும் வளர்ந்த காரெல் தலைமுறைக்குக் காகிதத்தைப் பார்த்து உயிரோடு பேசுவது அன்றாட வேலையாக இருந்தது என்பதும், அதுவே அவர்களுக்குப் பெரிய மூலதனமாயிற்று என்பதும் என் ஊகம். ஆதாரமுள்ள ஊகம் என்றே கருதுகிறேன்.

ஒரே மனிதர் இத்தனை பாத்திரங்களைப் பேச முடியுமா என்ற இரண்டாவது ஐயத்துக்கு, அவர் தொண்டையில் ஏதோ மாயம் இருந்தது என்று பதில் சொல்வார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. டிஸ்னியின் ஜங்கிள் புக் படத்துக் கா என்ற மலைப்பாம்பும், அரிஸ்டோகேட்ஸ் படத்து ரோக்ஃபோர் என்ற சுண்டெலியும் அவருடைய குரல்களே. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால் சுருதியில் உள்ள வேறுபாடு நாம் நினைப்பதைவிடக் குறைவு என்பது புலப்படும். மாறுவது மூச்சு. பாம்பு மூச்சை விடாமல் சேர்த்து வைத்துக்கொண்டு சொல்லின் கடைசியில் கசியவிடுகிறது. எலி ஒவ்வொரு சொல்லுக்கும் முன்னால் அவசரமாக மூச்சு வாங்குகிறது. ஸ்டார் வார்ஸ் ரோபோவில் (பிரெஞ்சுப் பதிப்பு சி-3பிஓ என்ற அதன் பெயரையே மாற்றி 'இசட்-6பிஓ' ஆக்கிவிட்டது) மூச்சே கேட்பதில்லை. இலக்கணம் பிசகாத நீண்ட வாக்கியங்கள் பதற்றத்தில் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு வருகின்றன. 1977இலிருந்து 2005 வரை வந்த ஆறு படங்களிலும் அந்த ரோபோவைக் காரெல் இந்த ஓட்டத்திலேயே வைத்திருந்தார். கார்ட்டூன் ரசிகர்கள் மறக்க முடியாத, 1978இல் அல்பேர் பரியே மனித வரலாற்றைச் சொல்லத் தொடங்கிய 'இல் எத்தே உய்ன் ஃபுவா' வரிசையின் வெண்தாடிக் கிழவர் மாயெஸ்த்ரோவும் அவரே. அங்கே மூச்சு தாராளமாக, பேரப்பிள்ளைக்குக் கதை சொல்பவரின் நிதானத்தோடு ஓடுகிறது. சுருதியை மாற்றி ஏமாற்றுபவர் பலகுரல் கலைஞர். இவர் பாத்திரத்தின் நினைப்பு ஓடும் வேகத்தை மாற்றினார். அதனால்தான் குழந்தைகள் காரெலை அடையாளம் காணவில்லை, பெரியவர்கள் கண்டும் சலிக்கவில்லை.

இவற்றில் மிகக் கடினமான வேலை புவாரோ என்பது என் துணிபு. ஆங்கிலத் தொடரில் புவாரோ ஓர் அந்நியர். ஆங்கிலேயர் நடுவே பெல்ஜிய உச்சரிப்போடு, இடையிடையே பிரெஞ்சுச் சொற்களைத் தூவிப் பேசுவதாலேயே மற்றவர்கள் அவரைச் சற்று ஏளனமாகப் பார்க்கிறார்கள். அந்த ஏளனத்தை முதலாக வைத்தே அவர் குற்றவாளியைப் பிடிக்கிறார். பிரெஞ்சுப் பதிப்பில் லண்டன் பிரபுவிலிருந்து சமையற்காரி வரை எல்லோரும் பிரெஞ்சு பேசுகிறார்கள். அந்நியத்தைக் காட்டிய கருவி அப்படியே கையிலிருந்து நழுவிவிடுகிறது. கனமான பிரஸ்ஸல்ஸ் உச்சரிப்பைப் போட்டால் பிரெஞ்சுக்காரர் காதுக்கு அது பெல்ஜியரைப் பற்றிய மலிவான நகைச்சுவையாகிவிடும். போடாமல் விட்டால் புவாரோ பத்தோடு பதினொன்றாகிவிடுவார். வசனம் எழுதுபவனாகச் சொல்கிறேன், இந்தச் சிக்கலை எழுத்தில் தீர்க்க முடியாது. காரெல் அதைத் தீர்த்தது மற்ற எல்லோரையும்விட ஒரு படி கூடுதல் சுத்தமாக, ஒவ்வொரு அசையையும் கஞ்சி போட்டுத் தேய்த்த சட்டைக் கழுத்துப் பட்டையைப் போல விறைப்பாக நிறுத்திப் பேசியதன் மூலம். அவருடைய புவாரோ ஊருக்கு அந்நியரல்லர், ஒழுங்கின்மைக்கு அந்நியர். கடைசிக் கட்டம் நீங்கலாக, தொடரின் மிகப் பெரும் பகுதியில் அந்தக் குரல் அவருடையது.

இனி, எச்சரிக்கையோடு அணுக வேண்டியவை. பழைய டப்பிங் பதிப்புகளில் குரல் கொடுத்தவர் பெயரைத் திரையில் போடும் வழக்கம் ஒழுங்காக இருந்ததில்லை. ஆகவே 1950கள், 1960களின் பட்டியல்களில் கணிசமான பகுதி, ஆர்வலர்கள் காதால் கேட்டு அடையாளம் கண்டு எழுதியது. அவர்களுடைய காதுகள் கூர்மையானவை, பெரும்பாலும் சரியாகவே சொல்கிறார்கள். இருந்தாலும் "மொத்தம் இத்தனை பாத்திரங்கள்" என்று முழு எண்ணாக வரும் கணக்கு எதையும் நான் நம்புவதில்லை. இரண்டாவது குழப்பம் மறு டப்பிங்கால் வருவது. டிஸ்னியின் பினோக்கியோவுக்கு 1946இல் ஒரு பிரெஞ்சு டப்பிங், 1975இல் இன்னொன்று. காரெல் அதில் வரும் ஜிமினி கிரிக்கெட் என்ற பேசும் சிள்வண்டாகப் பேசியது இரண்டாவதில்தான். ஆலிஸ் படத்தின் சிரிக்கும் பூனையும் அப்படியே: 1951 பதிப்பில் அவர் இல்லை, 1974 பதிப்பில் இருக்கிறார். படத்தின் மூல ஆண்டை மட்டும் பார்த்துப் பட்டியல் போடுபவர்கள், காரெல் சிறுவனாக இருந்தபோதே டிஸ்னிக்குப் பேசியதாக எழுதிவிடுகிறார்கள். மூன்றாவதாக, பீட்டர் செல்லர்ஸ், ஜாக் லெம்மன் போன்ற ஹாலிவுட் நடிகர்களின் "பிரெஞ்சுக் குரல்" என்று அவரைக் குறிப்பிடுவதைச் சில படங்களுக்கு என்றே புரிந்துகொள்ள வேண்டும். அந்த நடிகர்களுக்கு வேறு படங்களில் வேறு குரல்களும் உண்டு. வின்னி என்ற கரடி, மப்பெட் ஷோவின் கெர்மிட் தவளை, ஆல்ஃப் என்ற வேற்றுக்கிரகவாசி, பிரிட்டிஷ் நகைச்சுவையாளர் பென்னி ஹில் ஆகியவற்றில் இந்தக் குழப்பம் குறைவு.

பணத்தைப் பற்றிப் பேசாமல் இந்தப் பதில் முழுமையாகாது. "தோற்றவர் போகும் இடம்" என்ற எண்ணம் ஓரளவு அங்கிருந்துதான் வருகிறது. டப்பிங்கில் ஊதியத்துக்கு அடிப்படை அளவு ஒரு 'வரி', அதாவது இடைவெளிகளையும் சேர்த்து ஐம்பது எழுத்துகள். எத்தனை வரி பேசினீர்களோ அத்தனைக்குக் கூலி. முக்கிய வேடமென்றால் நல்ல தொகை, கூட்டத்தில் ஒருவரென்றால் நாள் கூலி. ஆனால் நீண்ட காலமாக அந்தத் தொகையோடு கதை முடிந்தது. படம் எத்தனை முறை மறு ஒளிபரப்பானாலும், ஒளிநாடாவாக விற்றாலும் குரல் கொடுத்தவருக்கு ஒன்றுமில்லை. 1985 ஜூலையில் வந்த சட்டம் நடிகர்களின் நிகழ்த்துரிமையை அங்கீகரித்தது. டப்பிங் நடிகர்களுக்கு அது கைக்கு எட்டவில்லை. 1994 இறுதியில் அவர்கள் வேலைநிறுத்தத்தில் இறங்கினார்கள்; அது 1995 தொடக்கம் வரை நீடித்து, மறு பயன்பாட்டுக்கான பங்கைப் பேச்சுவார்த்தை மேசைக்குக் கொண்டுவந்தது. காரெலின் மிகப் புகழ்பெற்ற வேலைகளில் பெரும்பகுதி அதற்கு முந்தையது. எனவே அந்தக் குரல்கள் ஈட்டிய பணத்துக்கும் அவற்றைப் பேசிய தலைமுறை பெற்ற ஊதியத்துக்கும் இடையே இருந்த தூரம் பெரியது. அது ஊதிய முறையின் குறை. நடிப்பின் தரத்தை அளக்கும் கோல் ஆகாது.

ஆகவே முதல் ஐயத்துக்கு என் நேரடியான பதில்: இல்லை. திரையில் அவருக்குக் கிடைத்தது ஒரு நல்ல துணை நடிகரின் வாழ்வு. மைக்கின் முன் கிடைத்தது, உருவம் விதிக்கும் எல்லையில்லாத ஒரு முதன்மை நடிகரின் வாழ்வு. இரண்டையும் ஒரே காலத்தில் வாழ்ந்தார். திரையில் பெரிய வேடங்கள் தேடி வந்திருந்தால் டப்பிங்கைக் குறைத்திருப்பாரா என்றால், குறைத்திருக்கலாம். வேலை வரும் பக்கம் போவதே நடிகர் இயல்பு. அதைத் தாண்டிச் சொல்வது கற்பனை.

நீங்களே கேட்டுப் பார்க்க விரும்பினால் ஒரு வரிசை சொல்கிறேன். முதலில் 1976இல் வந்த, ஆஸ்டெரிக்ஸ் பன்னிரண்டு சோதனைகளைக் கடக்கும் படம். அரசு அலுவலகத்தில் ஓர் அனுமதிச் சீட்டுக்காக மாடிக்கு மாடி அலையும் காட்சியில் நாயகனின் பொறுமை படிப்படியாகத் தேய்வதை வசனம் புரியாவிட்டாலும் காதால் பின்தொடரலாம். அடுத்து புவாரோ தொடரில் ஏதேனும் ஒரு பாகத்தின் கடைசிக் கால் மணி நேரத்தை ஆங்கில ஒலித்தடத்தில் ஒரு முறையும் பிரெஞ்சில் ஒரு முறையும் பாருங்கள். சூஷே எங்கே நிறுத்துகிறார், காரெல் எங்கே நிறுத்துகிறார் என்பதை மட்டும் கவனித்தால் போதும். மூன்றாவதாக 1983 படத்தில் ஜெனரல் முல்லரைப் பாருங்கள். டிஸ்னி படங்களைத் தேடும்போது மட்டும், ஒலித்தடம் எந்த ஆண்டு டப்பிங் என்று பார்த்து வாங்குங்கள். பழைய பதிப்பு கைக்கு வந்தால் நீங்கள் கேட்பது வேறொருவரை.